காமெடி சீரியலுக்குள் சுனாமி... யார் இந்த கான்குரோ குடோ?

ஜப்பானில் காலை 8 மணிக்கு என்.ஹெச்.கே. டிவியில் வரும் 15 நிமிட சீரியலைக் குடும்பமே உட்கார்ந்து பார்க்கும். 2013-ல் அந்த நேரத்தில் வந்த காமெடி சீரியல் 'அமாச்சான்'. அதன் கதையில் 2011 மார்ச் 11 சுனாமி வந்தாக வேண்டும். உறவுகளைப் பறிகொடுத்தவர்களும் டிவி முன்னாடி இருப்பார்கள். அதை எப்படிக் காட்டுவது?

திரைக்கதை எழுதிய கான்குரோ குடோ, அலை ஊரை விழுங்குவதைக் காட்டவே இல்லை. சுற்றுலா அலுவலகத்தில் இருந்த ஊரின் மாதிரி வடிவம் உடைந்து கிடக்கும். சுரங்கப்பாதையில் நின்ற ரயிலிலிருந்து வெளியே வந்து பார்க்கும் பெண்ணின் முகம் தெரியும். அவ்வளவுதான். மீதியைப் பார்ப்பவர்களே புரிந்துகொண்டார்கள்.

யார் இவர்?

சுனாமியில் பெரும் சேதத்தைச் சந்தித்த மியாகி மாகாணத்தில் 1970-ல் பிறந்தவர். 1991-ல் 'ஒதொனா கெய்காகு' நாடகக் குழுவில் சேர்ந்தார். 2000-ல் 'இகெபுகுரோ வெஸ்ட் கேட் பார்க்' சீரியல் பெயர் வாங்கித் தந்தது. 2001-ல் வெளியான 'கோ' படத்தின் திரைக்கதைக்கு ஜப்பான் அகாடமி விருது கிடைத்தது. நடிப்பார், படம் இயக்குவார், ராக் பேண்டில் கிட்டாரும் வாசிப்பார். ரசிகர்களுக்குச் செல்லமாக 'குடோகான்'.

ஸ்டைல் என்ன?

கோக்குமாக்கான கற்பனை, படபடவென வசனம். ஆனா, சிரிப்புக்குப் பக்கத்திலேயே சாவும் உட்கார்ந்திருக்கும். 2002-ல் வந்த 'கிசரசு கேட்ஸ் ஐ' ஹீரோவுக்கு ஆயுள் இன்னும் ஆறே மாதம். அவரோ நண்பர்களோடு பேஸ்பால் ஆடுகிறார், திருடப் போகிறார். கதையும் பேஸ்பால் இன்னிங்ஸ் மாதிரி இரண்டு பாதியாக ஓடும். முதல் பாதியில் மறைத்ததை, இரண்டாம் பாதியில் ரீவைண்ட் செய்து காட்டுவார்.

சறுக்கலும் உண்டு

ஒலிம்பிக் வரலாற்றைச் சொன்ன 'இதாதென்' (2019) விமர்சகர்களிடம் பாராட்டு வாங்கியது. ஆனா ரேட்டிங் படுத்துவிட்டது.

மறுபடியும் நிலநடுக்கம்

2024-ல் ஒரு டைம் டிராவல் காமெடியோடு திரும்பி வந்தார். 1986-ல் பஸ் ஏறும் முரட்டு வாத்தியார் 2024-ல் இறங்குகிறார். நடுநடுவே பாட்டு, டான்ஸ். அதற்குள்தான் தானும் மகளும் 1995 கோபே நிலநடுக்கத்தில் இறந்துபோவோம் என்பது அவருக்குத் தெரியவருகிறது.

தெரிந்த பிறகும் அவர் மகளோடு சண்டை போடுகிறார், சிரிக்கிறார், வாழ்கிறார். சோகத்தை மறக்கடிக்க குடோ ஜோக் எழுதுவதில்லை. அதைச் சுமந்துகொண்டே மனுஷங்க சிரிப்பாங்க என்பதைத்தான் எழுதுகிறார்.