கேம் பாயை எழுப்பும் 256 பைட்டுகள்

1989இல் வெளிவந்த நிண்டெண்டோ கேம் பாயை இயக்கியதும் முதலில் ஓடுவது நாம் செருகிய விளையாட்டு அல்ல. செயலிச் சில்லுக்குள் பதிந்திருக்கும் பூட் ரோம் என்ற 256 பைட் நிரல்தான்.

அது கார்ட்ரிட்ஜிலுள்ள 48 பைட் நிண்டெண்டோ சின்னத்தைத் திரையில் மேலிருந்து இறக்குகிறது. பிறகு தன்னிடமுள்ள பிரதியோடு ஒப்பிடுகிறது. ஒரு பைட் பிசகினாலும் கருவி அங்கேயே நின்றுவிடும். அனுமதி பெறாத தயாரிப்பாளரும் அந்த வணிகச் சின்னத்தை நகலெடுத்தே ஆகவேண்டும்; நகலெடுத்தால் வழக்கில் சிக்கலாம். சட்டப் பொறியை இதைவிடச் சிறிய இடத்தில் வைக்க முடியுமா!

வேலை முடிந்ததும் அது தன்னையே நினைவகத்திலிருந்து துண்டித்துக்கொள்ளும். பிறகு எந்த விளையாட்டாலும் அதைப் படிக்க முடியாது. அதனால்தான் 2003இல் ஓர் ஆர்வலர் சில்லையே திறந்து, நுண்ணோக்கியில் படமெடுத்து, பிட் பிட்டாக வாசிக்க வேண்டியிருந்தது. என் பார்வையில் இது அகழாய்வுக்கு நிகரான உழைப்பு.

கணினியில் கேம் பாயாக நடிக்கும் எமுலேட்டருக்கு இந்த பூட் ரோமின் நகல் கட்டாயமா? பெரும்பாலும் இல்லை. பூட் ரோம் விட்டுச்செல்லும் பதிவக மதிப்புகளை நேரடியாக நிரப்பி, விளையாட்டின் தொடக்க முகவரிக்குத் தாவலாம். ஆனால் கேம் பாய் கலரில் கதை வேறு. நிண்டெண்டோவின் பழைய கறுப்பு வெள்ளை விளையாட்டுகளுக்கு, தலைப்பு எழுத்துகளின் எண்மதிப்புகளைக் கூட்டி நிறம் தேர்வதே பூட் ரோம்தான். அசலுக்குப் பதிப்புரிமை இருப்பதால், சேம்பாய் எமுலேட்டர் அதே வேலையைச் செய்யும் திறமூல பூட் ரோமைப் புதிதாக எழுதிச் சேர்த்திருக்கிறது.