இத்தனை காவல் இருந்தும் எப்படி நுழைந்தார்கள்?



தேசியப் பாதுகாப்பில் இணையத் தொழில்நுட்பம் என்ற தலைப்பில் எங்கள் தொலைக்காட்சி அரங்கம் முடியும் தறுவாயில், முன்வரிசையில் இருந்த ஓர் அம்மா கையை உயர்த்தினார். "தம்பி, நீங்கள் சொல்கிற கருவியெல்லாம் அப்போதே நம்மிடம் இருந்ததுதானே? பிறகு எப்படி உள்ளே புகுந்து என் அடையாள அட்டை எண்ணை எடுத்துக்கொண்டு போனார்கள்?" என்று கேட்டார். ஒளிப்பதிவு நேரம் முடிந்துவிட்டதால் இரண்டு வரியில் பதில் சொல்லிச் சமாளித்தேன். அந்த அம்மாவுக்கு நான் பட்ட கடனைத்தான் இந்த வாரம் இங்கே தீர்க்கிறேன்.

அவர் கேட்டது 2018ஆம் ஆண்டு நடந்த சிங்ஹெல்த் ஊடுருவலைப் பற்றி. அவ்வாண்டு ஜூன் 27ஆம் தேதிக்கும் ஜூலை 4ஆம் தேதிக்கும் இடையில் 1.5 மில்லியன் நோயாளிகளின் பெயர், அடையாள அட்டை எண், முகவரி, பாலினம், இனம், பிறந்த தேதி ஆகியவை களவு போயின. சிங்கப்பூரில் வசிப்பவர்களில் ஏறக்குறைய நான்கில் ஒரு பங்கு என்று வைத்துக்கொள்ளுங்கள். அவர்களுள் சுமார் 160,000 வெளிநோயாளிகள் வாங்கிய மருந்துகளின் விவரமும் போனது. அன்றைய பிரதமர் லீ சியன் லூங்கின் விவரங்களைக் குறிவைத்து, திரும்பத் திரும்பத் தேடியிருக்கிறார்கள்.

மருத்துவப் பதிவு திருடுபோனால் அது எப்படி நாட்டுப் பாதுகாப்பு விவகாரமாகும் என்று சிலர் நினைக்கலாம். ஒரு நாட்டின் தலைவர் என்ன மருந்து சாப்பிடுகிறார் என்பதை அறிந்துகொள்ள மற்றொருவர் இவ்வளவு சிரமப்படுகிறார் என்றால், அவர் சாதாரணக் களவாணி அல்லர். பொதுவாக அரசாங்கங்களின் பின்புலம் கொண்ட திறன்மிக்க குழுவின் வேலை இது என்று நாடாளுமன்றத்தில் தெரிவிக்கப்பட்டது. எந்த நாடு என்று அரசாங்கம் பெயர் குறிப்பிடவில்லை.

சரி, கருவிகள் இருந்தும் எப்படி நுழைந்தார்கள்?

இங்கேதான் முறைமைப் பொறியியல் என்ற துறை வருகிறது. தற்காப்புத் துறையினருக்கு இது முக்கியமான பாடம். சிங்கப்பூர் தேசியப் பல்கலைக்கழகத்தில் 2001ஆம் ஆண்டிலேயே இதற்கென்று தெமாசெக் தற்காப்பு முறைமைக் கழகம் தொடங்கப்பட்டது. பெயர் பெரிதாக இருந்தாலும் கருத்து எளிது. தனித்தனி உறுப்பு நன்றாக இருப்பது போதாது. ஓர் உறுப்பும் இன்னோர் உறுப்பும் சேரும் இடத்தைப் பார்க்க வேண்டும். மனிதரும் அதில் ஓர் உறுப்பு.

எங்கள் தொழிலையே பாருங்கள். ஒருமுறை நேரலை நிகழ்ச்சியில் என் வாயசைவு மட்டும் வீட்டுக்குப் போனது, குரல் போகவில்லை. கேமரா புதிது, ஒலிக்கலவைக் கருவி விலை உயர்ந்தது. ஒலிவாங்கியின் பேட்டரி தீரப்போவதை ஓர் இளைஞர் முன்பே பார்த்திருக்கிறார். நேரலைக்கு முன் சொன்னால் திட்டு விழும் என்று பேசாமல் இருந்துவிட்டார். எனக்கு வெட்கம், நேயர்களுக்குச் சிரிப்பு. அவ்வளவோடு போயிற்று.

சிங்ஹெல்த்தில் அவ்வளவோடு போகவில்லை. ரிச்சர்ட் மேக்னஸ் தலைமையிலான விசாரணைக் குழு 2019 ஜனவரியில் வெளியிட்ட அறிக்கையைப் படித்தால், எதிரி இடுக்கு இடுக்காக நகர்ந்து வந்த பாதை தெரியும். 2017 ஆகஸ்ட் வாக்கிலேயே ஒரு கணினிக்குள் புகுந்துவிட்டார்கள். அதிலிருந்த மின்னஞ்சல் மென்பொருளின் ஓட்டையை அடைக்கும் இணைப்பு ஏற்கெனவே வெளிவந்திருந்தது, ஆனால் அது போடப்படவில்லை. அடுத்து, நிர்வாகி கணக்கு ஒன்றின் கடவுச்சொல். கடவுச்சொல் என்பதற்கான ஆங்கிலச் சொல்லையே எடுத்து, ஓரிரு எழுத்துகளுக்குப் பதிலாக ஒரு குறியும் ஒரு பூஜ்யமும் போட்டிருந்தார்கள். யூகிக்கக் கடினமா, சொல்லுங்கள்! மூன்றாவதாக, சிங்கப்பூர் பொது மருத்துவமனையின் சில சர்வர்களிலிருந்து நோயாளிகளின் தரவுத்தளத்துக்குப் போகும் ஓர் இணைப்பு, அவசியம் இல்லாத நிலையிலும் திறந்தே கிடந்தது. சர்வர் பழுதல்ல, தரவுத்தளமும் பழுதல்ல. இரண்டுக்கும் நடுவில் இருந்த பாதையைத்தான் யாரும் பொருட்படுத்தவில்லை.

இவற்றையெல்லாம் விட என் மனத்தில் தங்கியது வேறொன்று. ஜூன் 11ஆம் தேதியே, தரவுத்தளத்துக்குள் நுழைய யாரோ முயன்று தோற்பதை ஊழியர் ஒருவர் கவனித்துவிட்டார். அதற்குப் பிறகும் அத்தகைய முயற்சிகள் தென்பட்டன. தகவல் வெளியே போகத் தொடங்கியது ஜூன் 27ஆம் தேதி. நடுவில் 16 நாள்! ஜூலை 4ஆம் தேதி இன்னோர் ஊழியர் வழக்கத்துக்கு மாறான தேடல்களைப் பார்த்து உடனே தடுத்து நிறுத்தினார். அதன் பிறகும் செய்தி சைபர் பாதுகாப்பு அமைப்பான சிஎஸ்ஏவை எட்ட ஜூலை 10 ஆகிவிட்டது. எதைச் சம்பவம் என்று மேலிடத்துக்குத் தெரிவிக்க வேண்டும் என்பதில் ஒரு நடுநிலை நிர்வாகிக்குத் தவறான எண்ணம் இருந்தது. தெரிவித்துவிட்டால் ஓயாத நெருக்கடி வருமே என்ற தயக்கமும் இருந்தது. எங்கள் பேட்டரி இளைஞரின் தயக்கமும் இதுதான்.

இத்தகைய எதிரி வாசலைத் தாண்டுவதைத் தடுப்பது கடினம், ஆனால் தகவலை அள்ளிக்கொண்டு போனது தவிர்க்க முடியாததல்ல என்று குழு முடிவு சொன்னது. 16 பரிந்துரைகளையும் வழங்கியது. மருத்துவமனைகளின் கணினிப் பணிகளைக் கவனித்த ஐஎச்ஐஎஸ் நிறுவனத்துக்கு (2023 முதல் அதன் பெயர் சினாப்ஸ்) 750,000 வெள்ளியும், சிங்ஹெல்த்துக்கு 250,000 வெள்ளியும் அபராதம். ஐஎச்ஐஎஸ் ஊழியர் இருவர் வேலை இழந்தனர். தலைமை நிர்வாகி உட்பட மேலதிகாரிகள் ஐவருக்குப் பண அபராதம். கீழ்மட்டத்தில் இருவரை மட்டும் தண்டித்துவிட்டுக் கோப்பை மூடியிருந்தால் எனக்கு வருத்தமாக இருந்திருக்கும். பயந்து வாய்மூடும் அலுவலகத்தை உருவாக்குவது மேல்மட்டம் அல்லவா?

சரிசெய்ததற்கும் விலை உண்டு. அரசாங்க ஊழியர்களின் கணினிகளிலிருந்து இணையத்தைப் பிரிக்கப்போவதாக 2016ல் அறிவித்தபோது பலர் முணுமுணுத்தார்கள். 2018 ஜூலையில் பொது மருத்துவமனைகளிலும் பிரித்தார்கள். பாதுகாப்பு கூடியது, கூடவே மருத்துவருக்கும் தாதிக்கும் வேலை கூடியது, நோயாளி காத்திருக்கும் நேரமும் சில இடங்களில் நீண்டது. ஒரு பக்கம் இறுக்கினால் இன்னொரு பக்கம் எங்கே வலிக்கிறது என்று கணக்குப் போடுவதும் முறைமைப் பொறியியலில் சேர்ந்ததே.

2019 பிப்ரவரியில் முழுமைத் தற்காப்பின் ஆறாவது தூணாக மின்னிலக்கத் தற்காப்பு சேர்ந்தது. 2022 அக்டோபரில் ஆயுதப் படையில் தரைப்படை, கடற்படை, ஆகாயப் படையோடு நான்காவதாக மின்னிலக்க, வேவுத்துறைப் படை உருவானது. எதிரி ஓயவில்லை. 2025 ஜூலையில் அமைச்சர் கா. சண்முகம், யுஎன்சி3886 என்ற குழு நமது முக்கிய உள்கட்டமைப்பைத் தாக்கிக்கொண்டிருப்பதாக வெளிப்படையாகவே அறிவித்தார். மின்சாரம், தண்ணீர், வங்கி என்று சட்டம் காக்கும் 11 துறைகளில் ஊடகமும் ஒன்று என்பதை அறிந்தபோது, எங்கள் நிலையத்தில் என் கடவுச்சொல்லை அன்றே மாற்றினேன். பழையது என்ன என்று கேட்காதீர்கள்.

அரங்கம் முடிந்த பின் அந்த அம்மாவைத் தேடிப் போய்ப் பேசினேன். 2018ல் அவருக்கு சிங்ஹெல்த்திலிருந்து குறுஞ்செய்தி வந்ததாம். அந்நேரம் அதேபோல் போலிக் குறுஞ்செய்திகளும் உலவின. இதுவும் மோசடி என்று நினைத்து அழித்துவிட்டாராம். பிறகு மகள் சிங்ஹெல்த் இணையத்தளத்தில் சரிபார்த்துச் சொன்ன பின்தான் நம்பினாராம். "இப்போது எது வந்தாலும் முதலில் மகளிடம் காட்டிவிடுவேன், தம்பி. அவள் திட்டினாலும் பரவாயில்லை" என்றார்.