ராஜினாமா என்னும் பின்வாசல்: கர்நாடக ஆட்சி கவிழ்ந்த கணக்கு

கர்நாடகச் சட்டப்பேரவையில் 2019 ஜூலை 23 அன்று முதல்வர் எச்.டி.குமாரசாமியின் நம்பிக்கைத் தீர்மானம் வாக்கெடுப்புக்கு வந்தது. ஆதரவாக 99 பேர், எதிராக 105 பேர் வாக்களித்தார்கள். காங்கிரஸ் - மதச்சார்பற்ற ஜனதா தளம் (மஜத) கூட்டணியின் 14 மாத ஆட்சி அத்துடன் முடிந்தது. எதிர்த்து வாக்களித்த 105 பேரும் பாஜகவினர். கூட்டணியிலிருந்து ஒருவர்கூட எதிரணிக்கு வாக்களிக்கவில்லை. அவைக்கு வராமல் இருந்தவர்கள்தான் ஆட்சியைக் கவிழ்த்தார்கள்.

கட்சித் தாவல் தடைச் சட்டம் 1985 முதல் நடைமுறையில் இருக்கிறது. அப்படியிருந்தும் இது எப்படிச் சாத்தியமானது?

இரண்டு ஆட்சிகள், ஒரே வாரம்

2018 மே மாதத் தேர்தலில் கர்நாடகத்தில் எந்தக் கட்சிக்கும் பெரும்பான்மை கிடைக்கவில்லை. முதலில் தேர்தல் நடந்த 222 தொகுதிகளில் பாஜக 104, காங்கிரஸ் 78, மஜத 37 இடங்களைப் பிடித்தன. தனிப்பெரும் கட்சி என்ற முறையில் பாஜகவின் எடியூரப்பாவை ஆட்சியமைக்க அழைத்தார் ஆளுநர் வஜுபாய் வாலா. மே 17 அன்று பதவியேற்ற எடியூரப்பா, பெரும்பான்மையைத் திரட்ட முடியாமல் மே 19 அன்று வாக்கெடுப்புக்கு முன்பே பதவி விலகினார். தேர்தலில் ஒன்றையொன்று எதிர்த்து நின்ற காங்கிரஸும் மஜதவும் கைகோத்தன. மே 23 அன்று குமாரசாமி முதல்வரானார்.

இந்தக் கூட்டணி தொடக்கம் முதலே நிம்மதியாக இல்லை. 37 இடங்கள் பெற்ற கட்சிக்கு முதல்வர் பதவி போனதில் காங்கிரஸாருக்குக் குறை இருந்தது. அமைச்சர் பதவி கிடைக்காதவர்களுக்கு மனக்கசப்பு. 2019 மக்களவைத் தேர்தல் முடிவு கூட்டணியை உலுக்கியது. மாநிலத்தின் 28 தொகுதிகளில் 25-ஐ பாஜக வென்றது. காங்கிரஸுக்கு ஒன்று, மஜதவுக்கு ஒன்று மட்டுமே மிஞ்சின. அடுத்த ஒன்றரை மாதத்துக்குள் ராஜினாமாக் கடிதங்கள் பேரவைத் தலைவர் அலுவலகத்தில் குவியத் தொடங்கின.

கணக்கு எப்படி மாறியது?

இந்தக் கதையின் மையம் எளிய கணக்குதான். கர்நாடகப் பேரவையில் தேர்ந்தெடுக்கப்படும் உறுப்பினர்கள் 224 பேர். பெரும்பான்மைக்கு 113 பேர் வேண்டும். 2019 ஜூலையில் பாஜகவின் பலம் 105. எட்டு பேர் குறைவு.

இந்த எட்டுப் பேரை எதிரணியிலிருந்து இழுத்துவந்து வாக்களிக்கச் செய்தால் அவர்கள் பதவியிழப்பார்கள். ஆனால் 17 பேர் பதவி விலகிவிட்டால்? அவையின் எண்ணிக்கை 207 ஆகக் குறையும்; பெரும்பான்மைக்கு 104 பேர் போதும். ஒருவரைக்கூடச் சேர்க்காமல், கையில் இருக்கும் 105 பேரைக் கொண்டே ஆட்சியமைத்துவிடலாம். ஏறக்குறைய அதுதான் நடந்தது. காங்கிரஸில் 14 பேர், மஜதவில் 3 பேர் என 17 பேர் கழன்றுகொண்டார்கள்.

கர்நாடகத்துக்கு இது புதிதல்ல. 2008-ல் 110 இடங்களுடன் பெரும்பான்மைக்குச் சற்றுக் கீழே நின்ற பாஜக, எதிர்க்கட்சி உறுப்பினர்களைப் பதவி விலகச் செய்து, இடைத்தேர்தலில் தன் சின்னத்தில் நிறுத்தியது. ‘ஆபரேஷன் தாமரை’ என்ற பெயர் அப்போதே புழக்கத்துக்கு வந்துவிட்டது.

சட்டம் எதைத் தடுக்கிறது?

அரசமைப்பின் 52-வது திருத்தம் 1985-ல் பத்தாவது அட்டவணையைக் கொண்டுவந்தது. கட்சியின் உறுப்பினர் நிலையைத் தாமாகவே கைவிடுபவரும், கொறடா உத்தரவை மீறி வாக்களிப்பவரும் வாக்களிக்காமல் இருப்பவரும் பதவியிழப்பார்கள். மூன்றில் ஒரு பங்கினர் பிரிந்தால் அது ‘பிளவு’, குற்றமல்ல என்று முதலில் ஒரு விலக்கு இருந்தது. அது மொத்தமாகத் தாவுவதற்கே வழிவிட்டதால் 2003-ல் 91-வது திருத்தம் அதை நீக்கியது. இப்போது மூன்றில் இரண்டு பங்கினர் வேறு கட்சியுடன் இணைந்தால் மட்டுமே பாதுகாப்பு. கர்நாடகக் காங்கிரஸில் அதற்கு 50-க்கும் மேற்பட்டோரும், மஜதவில் 25 பேரும் தேவைப்பட்டிருப்பார்கள். 14 பேரும் 3 பேரும் அந்த வழியில் போயிருக்க முடியாது.

ஆகவே சட்டம் முன்வாசலை அடைத்தது உண்மை. ஆனால் ராஜினாமா என்ற பின்வாசல் திறந்தே கிடந்தது. பதவி விலகுவது ஒவ்வோர் உறுப்பினரின் உரிமை. அதைப் பேரம் பேசும் கருவியாக மாற்றினால் என்ன செய்வது என்பதற்குச் சட்டத்தில் முழுமையான விடை இல்லை.

பேரவைத் தலைவரும் உச்ச நீதிமன்றமும்

பதவி விலகியவர்கள் மும்பையில் ஒரு சொகுசு விடுதியில் தங்கினார்கள். அவர்களைச் சந்திக்க ஜூலை 10 அன்று சென்ற காங்கிரஸ் அமைச்சர் டி.கே.சிவகுமாரை மும்பை போலீஸார் வாசலிலேயே தடுத்து நிறுத்தினார்கள். மக்கள் பிரதிநிதிகளைச் சந்திக்க அவர்களுடைய அமைச்சரே வேறு மாநிலத்தில் காவலரிடம் மன்றாட வேண்டியிருந்தது.

ராஜினாமாவை உடனே ஏற்க வேண்டும் என்பது உறுப்பினர்களின் கோரிக்கை. முதலில் தகுதிநீக்க மனுக்களை முடிக்க வேண்டும் என்றது ஆளுந்தரப்பு. ராஜினாமா விருப்பத்துடனும் உண்மையாகவும் கொடுக்கப்பட்டதா என்று பேரவைத் தலைவர் பார்க்க வேண்டும் என்கிறது 1974-ன் 33-வது திருத்தம். அதைச் சுட்டிக்காட்டி, அவசரப்பட மாட்டேன் என்று நின்றார் பேரவைத் தலைவர் கே.ஆர்.ரமேஷ் குமார். எப்போது முடிவெடுப்பது என்பது பேரவைத் தலைவரின் உரிமை; அதேநேரம் இந்த உறுப்பினர்களை அவைக்கு வரும்படி கட்டாயப்படுத்தக் கூடாது என்று ஜூலை 17 அன்று உச்ச நீதிமன்றம் இடைக்கால உத்தரவிட்டது. கொறடா உத்தரவின் பல் அங்கேயே பிடுங்கப்பட்டது. ஆளுநர் இருமுறை கெடு விதித்தும் விவாதம் நீண்டது. முடிவு மட்டும் மாறவில்லை.

ஆட்சி கவிழ்ந்த பின் ரமேஷ் குமார் ஜூலை 25 அன்று மூவரையும் 28 அன்று 14 பேரையும் தகுதிநீக்கம் செய்தார். அந்தப் பேரவையின் காலம் முடியும்வரை, அதாவது 2023 வரை, அவர்கள் தேர்தலில் நிற்கக் கூடாது என்றும் அறிவித்தார். நவம்பர் 13 அன்று உச்ச நீதிமன்றம், தகுதிநீக்கம் செல்லும்; ஆனால் இத்தனை ஆண்டுக்குத் தேர்தலில் நிற்கக் கூடாது என்று தடைவிதிக்கும் அதிகாரம் பேரவைத் தலைவருக்கு இல்லை என்று தீர்ப்பளித்தது. ராஜினாமா செய்துவிட்டால் தகுதிநீக்கத்திலிருந்து தப்பலாம் என்ற வாதத்தையும் அது ஏற்கவில்லை. ஆக, செய்தது தவறு என்று உச்ச நீதிமன்றம்வரை உறுதியானது. தண்டனை மட்டும் மறைந்துபோனது.

தண்டனைக்குப் பதில் பதவி

2019 டிசம்பர் 5 அன்று 15 தொகுதிகளில் இடைத்தேர்தல் நடந்தது. பாஜக 12 இடங்களை வென்றது. தகுதிநீக்கம் செய்யப்பட்டவர்களில் 13 பேரை அக்கட்சி நிறுத்தியது. 11 பேர் வென்றார்கள். அவர்களில் 10 பேர் 2020 பிப்ரவரியில் அமைச்சர்களானார்கள்.

தகுதிநீக்கம் செய்யப்பட்டவர் அமைச்சராகக் கூடாது என்று 91-வது திருத்தம் சொல்கிறதே? சொல்கிறது. ஆனால் பதவிக்காலம் முடியும்வரை அல்லது மறுபடியும் தேர்ந்தெடுக்கப்படும்வரை, இவற்றில் எது முந்தியதோ அதுவரைதான் அந்தத் தடை. சில மாதங்களில் ஓர் இடைத்தேர்தல் வந்துவிட்டால் தடை காற்றில் போய்விடும்.

மறுபடியும் வாக்களித்தவர்கள் மக்கள்தானே, அவர்களே மன்னித்துவிட்டார்கள் என்று ஒரு வாதம் வைக்கப்படுகிறது. மக்கள் தீர்ப்புக்கு மதிப்புக் கொடுக்க வேண்டும், சந்தேகமில்லை. ஆனால் ஹொசகோட்டேயில் தகுதிநீக்கம் செய்யப்பட்டவர்களில் ஒருவரான எம்.டி.பி.நாகராஜை மக்கள் தோற்கடித்தார்கள். அவரோ சட்டமேலவை வழியாக வந்து 2021 ஜனவரியில் அமைச்சரானார். வாக்காளர் சரி என்றால் பதவி, வேண்டாம் என்றாலும் பதவி என்றால், அங்கே மதிக்கப்படுவது மக்கள் தீர்ப்பு அல்ல. தவிர, ஆட்சியில் இருக்கும் கட்சியின் வேட்பாளராக, அமைச்சர் ஆகப்போகிறவராக வந்து வாக்குக் கேட்பவரை, தொகுதிக்கு ஏதாவது கிடைக்க வேண்டும் என்று நினைக்கும் வாக்காளர் எப்படி எடைபோடுவார்? அது சமமான போட்டி அல்ல.

போபாலிலும் புதுச்சேரியிலும்

பெங்களூருவில் பலித்த உத்தி அங்கேயே நிற்கவில்லை. 2020 மார்ச்சில் மத்தியப் பிரதேசத்தில் காங்கிரஸ் தலைவர் ஜோதிராதித்ய சிந்தியா பாஜகவில் சேர, 22 காங்கிரஸ் உறுப்பினர்கள் ராஜினாமா செய்தார்கள். மார்ச் 20 அன்று முதல்வர் கமல்நாத் பதவி விலகினார். அங்கே ராஜினாமாக்கள் ஏற்கப்பட்டதால் தகுதிநீக்கமே இல்லை. பதவி விலகியவர்களில் துளசி சிலாவத்தும் கோவிந்த் சிங் ராஜ்புத்தும் எந்த அவையிலும் உறுப்பினராக இல்லாமலே ஏப்ரலில் அமைச்சர்களானார்கள்.

புதுச்சேரியில் 2021 ஜனவரி, பிப்ரவரியில் காங்கிரஸின் 5 பேரும் திமுகவின் ஒருவரும் அடுத்தடுத்துப் பதவி விலகினார்கள். பேரவைத் தேர்தலுக்குச் சில வாரங்களே இருந்த நிலையில், பிப்ரவரி 22 அன்று வே.நாராயணசாமி அரசு விழுந்தது. அப்படி விலகிய நமச்சிவாயம், தேர்தலுக்குப் பின் அமைந்த அரசில் பாஜக சார்பில் உள்துறை அமைச்சரானார்.

என்ன செய்ய வேண்டும்?

உறுப்பினர்களுக்கு உண்மையான குறைகள் இருக்கலாம். தலைமையை எதிர்த்துப் பேச இடம் தராத கட்சிகளும், ஒவ்வொரு வாக்கெடுப்பிலும் நாவைக் கட்டும் கொறடா உத்தரவும் அதற்குக் காரணம். எனவே கொறடாவின் பிடியை நம்பிக்கை வாக்கெடுப்புக்கும் நிதி மசோதாக்களுக்கும் மட்டும் வைத்துக்கொண்டு, மற்றவற்றில் மனசாட்சிப்படி வாக்களிக்க விடலாம். ஆனால் கொள்கைக்காக விலகுபவர் பதவியை எதிர்பார்க்க மாட்டார். அந்த வேறுபாட்டைச் சட்டம் சோதித்துப் பார்க்க வேண்டும்.

ராஜினாமா செய்தாலும் தகுதிநீக்கம் ஆனாலும், அந்தப் பேரவையின் காலம் முடியும்வரை அமைச்சர் பதவியோ வாரியத் தலைவர் பதவியோ கிடையாது; அதே பேரவைக்கான இடைத்தேர்தலில் மாற்றுக் கட்சியின் சின்னத்தில் நிற்கவும் முடியாது என்று நாடாளுமன்றம் சட்டம் இயற்றட்டும். தகுதிநீக்க மனுக்களை, ஏதோ ஒரு கட்சியிலிருந்து வரும் பேரவைத் தலைவரிடம் விடாமல், ஓய்வுபெற்ற நீதிபதி தலைமையிலான நிரந்தரத் தீர்ப்பாயத்திடம் ஒப்படைப்பது பற்றி யோசிக்கும்படி 2020 ஜனவரியில் மணிப்பூர் வழக்கில் உச்ச நீதிமன்றமே நாடாளுமன்றத்தைக் கேட்டுக்கொண்டது. அதையும் நிறைவேற்றட்டும். இன்று பலன் பெறும் கட்சி நாளை பலியாகும் என்பதால் இதில் எல்லாக் கட்சிகளுக்கும் பங்கு உண்டு.

வாக்காளருக்கும் ஒரு வேலை இருக்கிறது. அடுத்த முறை வாக்குக் கேட்டு வரும் வேட்பாளரிடம், ஐந்து ஆண்டும் இதே சின்னத்தில் இருப்பீர்களா என்று கேளுங்கள். கொடுத்த வாக்கை மீறியவரை மறுமுறை வாசலிலேயே திருப்பி அனுப்புங்கள். சட்டம் வரும்வரை ஆட்சியைக் காக்கும் கடைசி அதிகாரம் உங்கள் விரலில்தான் இருக்கிறது.