ஆளுக்கு ஒரு வரி

பழைய கிரேக்கத் துன்பியல் நாடகங்களில் வாக்குவாதம் சூடேறும்போது பேச்சு சுருங்கிவிடும். அதுவரை நீட்டி முழக்கிக்கொண்டிருந்த பாத்திரங்கள் திடீரென்று ஆளுக்கு ஒரு செய்யுள் வரி என்று அளந்து பேசத் தொடங்குவார்கள். மிரட்டல் ஒரு வரி, ஏளனம் ஒரு வரி; கேள்வி ஒரு வரி, பதில் ஒரு வரி. நம் ஊர் எசப்பாட்டு மாதிரிதான், ராகம் மட்டும் கிடையாது. இதற்கு ஸ்டிக்கோமித்தியா என்று பெயர்.

ஸ்டிக்கோஸ் என்றால் வரிசை. படைவீரர்கள் நிற்கும் அணிக்கும் அதுதான் சொல், செய்யுளின் அடிக்கும் அதுதான். மித்தோஸ் என்பதற்கு ஹோமரிடம் பேச்சு என்றே பொருள். கட்டுக்கதை என்ற அர்த்தம் பின்னால் வந்து ஒட்டிக்கொண்டது. கி.பி. 2ஆம் நூற்றாண்டில் எகிப்தின் நௌக்ராட்டிஸ் நகரத்துக்காரரான போலக்ஸ் தொகுத்த கிரேக்கச் சொற்களஞ்சியத்தில் இது வினைச்சொல்லாக வருகிறது: ஒரு வரிக்கு ஒரு வரி எதிர்த்துப் பேசுவது. நாடகங்கள் அவருக்கு ஏறத்தாழ 600 ஆண்டுகள் மூத்தவை.

இரண்டு நடிகர்கள் எதிரெதிரே நின்றால்தான் இது முழு வேகம் பிடிக்கும். நடிகரின் எண்ணிக்கையை ஒன்றிலிருந்து இரண்டாக்கியவர் எஸ்கிலஸ் என்கிறார் அரிஸ்டாட்டில். அதற்கு முன் அந்த ஒற்றை நடிகருக்குப் பதில் சொல்லக் குழுப்பாடகர்கள்தான் இருந்தார்கள்.

உச்சம் யூரிப்பிடிஸின் 'அயோன்' நாடகம். டெல்ஃபி கோயிலில் வேலை செய்யும் அயோனும் ஏதென்ஸ் அரசி கிரியூசாவும் 100 வரிகளுக்கு மேல் மாறிமாறிப் பேசுகிறார்கள். அவன் அவள் கைவிட்ட மகன். இருவருக்குமே அது தெரியாது. தன் கதையைத் தோழியின் கதை என்று சொல்லி அவள் குறி கேட்க வந்திருக்கிறாள். பார்ப்பவர்களுக்கோ முன்கதையிலேயே எல்லாம் தெரிந்துவிட்டது. ஒவ்வொரு வரியும் உண்மையை உரசிக்கொண்டு போகிறது.

கட்டுப்பாட்டுக்கு விலையும் உண்டு. சொல்ல ஒன்றுமில்லாவிட்டாலும் தன் முறை வந்தால் வரியை நிரப்பியாக வேண்டும். அதனால் "என்ன சொல்ல வருகிறாய்?" என்ற தினுசில் வெற்று வரிகளும் விழுகின்றன. யூரிப்பிடிஸிடம் இது கொஞ்சம் அதிகம்தான். ஆத்திரம் இன்னும் மிஞ்சினால் ஒரே வரியையே இருவரும் பங்குபோட்டுக்கொள்வார்கள். அதற்குப் பெயர் ஆன்டிலாபே. பிடி என்று பொருள்.

இந்த நாடகங்களின் பழைய பாப்பிரஸ் ஏடுகளில் யார் பேசுகிறார் என்று ஒவ்வொரு முறையும் பெயர் எழுதுவதில்லை. ஆள் மாறும் இடத்தில் வரியின் தொடக்கத்துக்குக் கீழே ஒரு சிறு கோடு, அவ்வளவுதான். அந்தக் கோட்டின் பெயர் பாரகிராஃபோஸ். நாம் இன்று 'பாரா' என்று சொல்வது அதன் வழி வந்ததே. படியெடுப்பவர் ஒரு வரியைத் தவறவிட்டால் போதும், அதற்குப் பிறகு அரசி பேச வேண்டியதை அடிமை பேசுவான். ஒழுங்காக மாறிமாறி வரும் உரையாடலில் ஒரே ஆளுக்கு அடுத்தடுத்து இரண்டு வரி விழுந்தால், இடையில் ஒன்று தொலைந்திருக்குமோ என்று பதிப்பாசிரியர்கள் சந்தேகிப்பார்கள். இன்றைய அச்சுப் பதிப்புகளில் அப்படிப்பட்ட சில இடங்களில் ஒரு வரி அளவுக்கு வெற்றிடம் விட்டுக் குறித்திருக்கிறார்கள்.