பழம்பாடலும் புத்துருவும்: ‘பென்குயின் முட்டைகள்’ என்னும் இசைத்தட்டை முன்வைத்து

நாடோடிப் பாடலுக்கு ஆசிரியன் இல்லை என்பது பொதுவழக்கு. ஆயின், வாய்மொழியாய் வந்த பாடல் ஒன்றைப் பெயர் தெரிந்த பாடகர் ஒருவர் எடுத்து, சொல்லை மாற்றி, மெட்டைத் திருத்தி, கருவியிசை கூட்டி இசைத்தட்டாக வெளியிடுவாராயின், அது இன்னும் நாடோடிப் பாடல்தானா, அன்றி அவருடைய படைப்பா? இவ்வினாவிற்கு விடை காண, ஆங்கில நாட்டுப் பாடகர் நிக் ஜோன்ஸ் 1980-இல் வெளியிட்ட ‘பென்குயின் முட்டைகள்’ என்னும் இசைத்தட்டு பெரிதும் துணைபுரிகின்றது.

முதற்கண் சில வரலாற்றுச் செய்திகள். ஆங்கிலம், ஸ்காத்து ஆகிய இருவகைக் கதைப்பாடல்களைத் தொகுத்த அமெரிக்கப் பேராசிரியர் ஃபிரான்சிஸ் ஜேம்ஸ் சைல்டு, 1882 முதல் 1898 வரை 305 பாடல்களை வடிவ வேறுபாடுகளுடன் பதிப்பித்தார். அவர் நாட்டம் பெரும்பாலும் ஏட்டிலும் அச்சிலும் கிடைத்த சொல்லின்மேலேயே சென்றது, இசை பின்தங்கியது. செசில் ஷார்ப் 1903-இல் சாமர்செட் பகுதியில் தோட்டக்காரர் ஒருவர் பாடக் கேட்டு, அன்றுதொட்டு மெட்டுகளையும் எழுதத் தொடங்கினார். 1907-இல் வெளிவந்த தம் நூலில், தொடர்ச்சி, வேறுபாடு, தெரிவு என்னும் மூன்றும் நாடோடிப் பாடலின் இயல்புகள் என்று அவர் வகுத்தார். 1954-இல் அனைத்துலக நாட்டுப்புற இசைக் கழகம் கண்ட இலக்கணமும் இம்மூன்றையே அடியாகக் கொண்டது. பாடலின் தோற்றத்தை அவ்விலக்கணம் பெரிதாகக் கருதவில்லை. மக்கள் அதை மீண்டும் மீண்டும் புனைந்துகொள்வதே அதற்கு நாட்டுப்புறத் தன்மையை அளிக்கிறது என்றது. நம் வினாவிற்குரிய அளவுகோல் ஈண்டுக் கிடைக்கின்றது.

நிக் ஜோன்ஸ் 1947-இல் கெண்ட் பகுதியின் ஆர்ப்பிங்டனில் பிறந்தவர். 1970 முதல் நான்கு தனி இசைத்தட்டுகளை வெளியிட்டபின், டாப்பிக் நிறுவனத்தின் வாயிலாக வந்தது இவ்வைந்தாவது தட்டு. கிடைத்த வடிவம் எதனையும் அவ்வாறே பாடாது, தம் நாவிற்கும் விரலுக்கும் இயையச் சொல்லையும் மெட்டையும் மாற்றிக்கொள்வது அவர் வழக்கம். பல ஏடுகளை ஒப்புநோக்கித் தூய பாடம் காண முயலும் பதிப்பாசிரியருக்கு இச்செயல் குற்றமாகவே தோன்றும். வாய்மொழிப் பாடகன் தொன்றுதொட்டுச் செய்துவருவது இதுவே என்பதை மறத்தலாகாது.

இத்தட்டிலுள்ள ‘மூழ்கிய காதலர்’ சைல்டின் தொகுப்பில் 216-ஆம் எண் பெற்ற கதைப்பாடல். வில்லி என்பான் இரவில் தன் காதலி மார்கரெட்டைக் காணப் புறப்படுகின்றான். தடுத்தும் நில்லாத மகனைக் கிளைடு ஆற்றில் மூழ்குமாறு தாய் சபிக்கின்றாள். பெருக்கெடுத்த ஆற்றைக் கண்டவன், போகும்போது தன்னை விட்டுவிடுமாறும், மீளும்போது வேண்டுமாயின் அழித்துக்கொள்ளுமாறும் வேண்டுகின்றான். மார்கரெட்டின் தாயோ, மகளின் குரலில் பேசி அவனைத் திருப்பி அனுப்பிவிடுகின்றாள். மீளும் வழியில் ஆறு அவனைக் கொள்கின்றது. துயிலெழுந்து செய்தி அறிந்த மார்கரெட் ஆற்றில் இறங்கி, அடிக்கு அடி ஆழம் மிக, அவன் கிடக்கும் இடத்தையே தன் இடமாக்கிக் கொள்கின்றாள். வில்லியின் வேண்டுகோள் ஆராய்ச்சியாளர்க்கு விருந்தாவது. கடலை நீந்திக் காதலியை அடைந்த லியாண்டர் அலைகளிடம் இவ்வாறே இரந்ததாக, கி.பி. முதல் நூற்றாண்டின் இலத்தீன் புலவர் மார்ஷியல் பாடியுள்ளார். ஏட்டிலிருந்து வாய்மொழிக்குச் சென்றதோ, இரண்டிற்கும் பொதுவான ஊற்று ஒன்று இருந்ததோ, எவ்வாறாயினும் சொல் நெடுந்தொலைவு நடந்திருக்கின்றது.

இத்துணைத் துயரக் கதையைப் பாடும் ஜோன்ஸ் ஓரிடத்தும் குரல் தழுதழுப்பதில்லை. கித்தாரின் ஓட்டம் நிற்பதில்லை. அது குதிரையின் ஓட்டமாகவும் ஆற்றின் ஓட்டமாகவும் கேட்போர் செவியில் மாறிமாறி ஒலிக்கும். கூறுவோன் அழாமையே கதைப்பாடலின் மரபு. புதுமை செய்தார் எனப்பட்டவர் இங்கே மரபினும் மரபாளராக நிற்கின்றார் என்பது எம் துணிபு.

உண்மையான புதுமை கருவியிசையில் உள்ளது. ஷார்ப் கேட்ட சிற்றூர்ப் பாடகர் பெரும்பாலும் கருவித் துணையின்றிப் பாடியவர்கள். ஜோன்ஸ் தந்திகளைப் பொதுவழக்கினின்றும் வேறான சுருதிகளில் அமைத்து, மெட்டைக் குரலோடு தந்தியிலும் ஓடவிட்டு, இடையிடையே தந்திகளைத் தட்டி முழவொலி போன்ற தாளத்தையும் எழுப்பினார். காதலனைத் தேடி மாலுமி உடையில் கப்பலேறும் பெண்ணைப் பற்றிய ‘கனடீ-ஐ-ஓ’ இதற்குத் தக்க சான்று. உண்மை வெளிப்பட, கடலில் எறிய இருந்தவளைக் கப்பல் தலைவன் காத்து, பின் மணந்தும் கொள்கின்றான்.

ஒன்பது உருப்படிகளுள் மூன்று பழம்பாடல்களே அல்ல. ஸ்காத்லாந்தில் பிறந்து ஆஸ்திரேலியாவில் குடியேறிய ஹாரி ராபர்ட்சன் திமிங்கில வேட்டையைப் பற்றி இயற்றியவை இரண்டு. பால் மெட்சர்ஸ் நியூசிலாந்துப் பொன்தேடிகளைப் பற்றி இயற்றியது ஒன்று. முன்னறியாதார் இவற்றைப் பழம்பாடல்களினின்றும் பிரித்தறிதல் அரிது.

இனித் தெரிவு என்னும் மூன்றாம் இயல்பு. பாப் டிலான் 1992-இல் ‘கனடீ-ஐ-ஓ’வைப் பாடினார், அது ஜோன்ஸின் வடிவத்தை ஒட்டியது எனக் கேட்டோர் பலர் கருதினர். 1997-இல் கேட் ரஸ்பி ‘மூழ்கிய காதலர்’ பாடியதும் இவ்வடிவத்தை அடியொற்றியே. ஆகவே, ஒருவர் புனைந்த உருவை மக்கள் ஏற்றுக்கொண்டனர்; 1954-ஆம் ஆண்டின் அளவுகோல்படி இவை நாடோடிப் பாடல்களே. இங்கு ஓர் இடர்ப்பாடும் உண்டு. பழம்பாடலுக்கு உரிமையாளர் இல்லாதிருக்க, அதன் இசையமைப்பிற்குச் சட்டம் ஊதிய உரிமை அளிக்கின்றது. எங்கே பொதுச்சொத்து முடிந்து தனியுழைப்புத் தொடங்குகிறது என்பதை வாய்மொழி மரபு ஒருகாலும் வினவியதில்லை, இசைத்தட்டு வினவுகின்றது. மற்றொன்று, வாயால் கற்பவன் மறந்தேனும் மாற்றுவான். தட்டைக் கேட்டுக் கற்பவனோ ஒவ்வொரு விரலசைவையும் அவ்வாறே பற்றிக்கொள்ள இயலும். வேறுபாட்டை வளர்க்க எழுந்த உருவே வேறுபாட்டைத் தடுத்து நிறுத்தும் உருவாகிவிடுதல் கூடும்.

ஜோன்ஸின் திறத்தில் இஃது எவரும் எண்ணாத வகையில் நேர்ந்தது. 1982 பிப்ரவரியில், நிகழ்ச்சி ஒன்றை முடித்து இரவில் தாமே காரோட்டித் திரும்புகையில், சரக்குந்து ஒன்றுடன் மோதிப் பல வாரம் நினைவிழந்து கிடந்தார். உயிர் பிழைத்தாராயினும், முன்போல் கித்தார் வாசிக்கும் ஆற்றல் மீளவில்லை. மேடைதோறும் மாற்றி மாற்றிப் பாடியவரின் பாடல்கள், பிறர் செவிக்கு 1980-ஆம் ஆண்டின் உருவிலேயே நின்றுவிட்டன. பழைய மேடைப் பதிவுகள் 1998 முதல் வெளிவரத் தொடங்கியபின், அவ்வுரு பலவற்றுள் ஒன்றே என்பதைக் கேட்போர் உணர வழி ஏற்பட்டது. 2010-இல் சிட்மவுத் விழாவில் அவர் மீண்டும் மேடையேறிப் பாடினார். 2012-இல் அவர் பாட, அவர் மகன் கித்தார் இசைத்தார்.