மன்னார்ப் பச்சை – 6: வேலியில் ஏறும் கார்த்திகைப்பூ

சோளகம் ஓய்ந்து ஐப்பசி மழை இரண்டு தரம் விழட்டும்; பற்றைக்காட்டிலும் கிளுவை வேலியிலும் கார்த்திகைக்கொடி தலைநீட்டிவிடும். வெயில் மாதங்களைக் கிழங்காக மண்ணுக்குள் கிடந்து கழித்த செடி இது. குளிர்நாட்டுக் காடுகளில் லில்லிச் செடிகள் பனி உருகுவதற்குக் காத்திருக்கும். இதற்கு மாரி வரவேண்டும். தாவரவியலாளர்கள் நெடுங்காலம் இதையும் லில்லிக் குடும்பத்தில்தான் வைத்திருந்தார்கள். இப்போது கோல்சிகேசியே குடும்பத்துக்கு மாற்றிவிட்டார்கள். 1753இல் லின்னேயஸ் இட்ட குளோரியோசா சுப்பர்பா என்ற பெயர் மட்டும் அப்படியே நிற்கிறது.

கொடிக்குத் தனியாகப் பற்றுக்கம்பி இல்லை. இலையின் நுனியே நீண்டு சுருண்டு, எட்டிய கொப்பைப் பிடித்துக்கொள்ளும். பூ கவிழ்ந்து தொங்கும். ஆறு இதழ்களும் பின்புறமாக மடிந்து மேல்நோக்கி நிற்கும். பச்சையாக விரிந்து, மஞ்சளாகி, ஈற்றில் முழுச் சிவப்பாகும். சூல்தண்டைப் பார்த்தால் வேடிக்கை: அடியிலேயே மடங்கி, மகரந்தத்தை விட்டு விலகிப் பக்கவாட்டில் நீட்டிக்கொண்டிருக்கும். தன் மகரந்தம் தன்மேல் படாமலிருக்க இந்த ஏற்பாடு.

தலைமன்னாரிலிருந்து தனுஷ்கோடி ஏறத்தாழ 30 கிலோமீற்றர்தான். அந்தக் கரையில் வேதாரண்யத்திலும், உள்ளே மூலனூர், ஒட்டன்சத்திரம் பக்கங்களிலும் இதே கொடியைக் கண்வலிக்கிழங்கு என்று தோட்டப்பயிராக வளர்க்கிறார்கள். சூல்தண்டு விலகி நிற்பதால் காலையில் ஆட்கள் பூப்பூவாகப் போய்க் கையாலேயே மகரந்தம் சேர்க்கவேண்டும். விதை மருந்துக் கம்பனிகளுக்கு ஏற்றுமதியாகிறது. இங்கே நாம் வேலியில் கண்டால் பிடுங்கி எறிகிறோம்.

சின்னமாக்குவதில் மட்டும் இரு கரைக்கும் பேதமில்லை. தமிழ்நாட்டுக்கு இது மாநில மலர். 2003இல் விடுதலைப் புலிகள் தேசிய மலராக அறிவித்தார்கள். அதற்குப் பிறகு வடக்கில் இந்தப் பூவை வெறும் பூவாகப் பார்க்க யாராலும் முடிவதில்லை. குறிஞ்சிப்பாட்டின் நீண்ட பூவரிசையிலும் முதலிடம் காந்தள் எனும் இதே பூவுக்கே. பூவுக்கு இவ்வளவு மரியாதை செய்த நாம் கிழங்கைக் கொஞ்சமாவது கவனித்திருக்கலாம் என்பது என் குறை.

விதையிலும் கிழங்கிலும் இருப்பது கோல்சிசின். 1820இல் பிரான்சின் பெல்லெத்தியேயும் காவெந்துவும் இதன் ஐரோப்பிய உறவுச் செடியிலிருந்து முதலில் பிரித்தெடுத்தார்கள். கவுட் எனும் மூட்டுவாதத்துக்கு இன்றும் மருத்துவர்கள் எழுதித்தரும் மருந்து அது. கலம் பிரிவதையே தடுப்பது அதன் குணம். ஆகவே அளவு மிஞ்சினால், ஓயாமல் கலம் பிரியும் இடங்களான குடலும் எலும்பு மச்சையும் முதலில் அடிவாங்கும். வாந்தி, வயிற்றோட்டம்; பிழைத்தவருக்கும் ஓரிரு வாரத்தில் தலைமயிர் கொட்டும். மருத்துவமனைகளில் இதற்கென்று மாற்றுமருந்து கிடையாது.

மாரி முடிந்து கொடி பட்டுப்போனால் மேலே ஓர் அடையாளமும் இராது. வற்றாளங்கிழங்கு கிண்டும்போது கலப்பைபோலக் கவைத்த கிழங்கு ஒன்று கையில் வந்தால், அதைச் சட்டிக்குள் போடவேண்டாம்.

(அடுத்த வாரம்: பள்ளிமுனைப் பெருக்கமரம்)