கரையொதுங்கிய எஸ்தேபானும் எங்கள் பிள்ளைகளும்

மாஸ்கோவில் தமிழிலேயே அச்சாகி வந்த ருஷ்யச் சிறுவர் நூல்களோடு வளர்ந்தவள் நான். அவற்றை இன்றைக்கும் அலுமாரியில் பத்திரமாக வைத்திருக்கிறேன். ஆனால் ஸ்பானிய மொழியில் எழுதிய கொலம்பியக்காரரையும் ஆர்ஜென்டினாக்காரரையும் வாசிக்கும்போதுதான் பக்கத்து ஊர்ச் சங்கதி கேட்பதுபோல இருக்கிறது. படிப்பித்து ஓய்வுபெற்ற பிறகு, பருத்தித்துறைப் பக்கத்து வாசிகசாலை ஒன்றில் சனிக்கிழமைகளில் பிள்ளைகளுக்குக் கதை சொல்லி வருகிறேன். அங்கே கண்டதை வைத்துத்தான் இதைச் சொல்கிறேன்.

கப்ரியேல் கார்சியா மார்க்கேஸ் 1968இல் எழுதிய சிறுகதை ஒன்று இருக்கிறது. கடலில் செத்துக் கரையொதுங்கிய ஒருவனைப் பற்றியது. சிறுவர்க்கான கதை என்றே அதற்குத் துணைத்தலைப்பு வைத்தார். சாவைப் பற்றிய கதையைப் பிள்ளைகளுக்குச் சொல்வதா என்று எனக்கும் தயக்கம் இருந்தது. ஆங்கிலத்தில் வாசித்து, எங்கள் பேச்சுத் தமிழில் சொன்னேன். கரையில் விளையாடும் பிள்ளைகள்தான் பிணத்தை முதலில் காண்கிறார்கள். ஆண்கள் அயலூர்களில் யாரையேனும் காணவில்லையா என்று விசாரிக்கப் போகிறார்கள். பெண்கள் உடம்பில் ஒட்டிய சேற்றைச் சுரண்டிக் கழுவுகிறார்கள். அவனைக் கிடத்த ஊரில் ஒரு கட்டிலும் போதவில்லை. அவ்வளவு பெரிய ஆள். பாய்ச்சீலையில் அவனுக்குக் காற்சட்டை தைக்கிறார்கள். இவன் எஸ்தேபானாகத்தான் இருக்கவேண்டும் என்று பெயரும் வைத்துவிடுகிறார்கள். அநாதையாகப் போகக்கூடாது என்று ஊருக்குள்ளேயே தாய் தகப்பனைத் தெரிந்தெடுத்து, கடலிலேயே விட்டு அனுப்புகிறார்கள்.

“ரீச்சர், அந்தாளை ஏன் திரும்பவும் கடலுக்கை விட்டவை?” என்று ஒரு பிள்ளை கேட்டது. நான் வாய் திறக்கமுன் வள்ளக்காரர் வீட்டுப் பெடியன் ஒருவன் முந்திக்கொண்டான்: “நங்கூரம் கட்டாமல்தானே விட்டவை. வேணுமெண்டால் திரும்பி வருவார்.” பேரப்பிள்ளையைக் கூட்டிப்போக வந்து பின்வாங்கில் இருந்த அம்மா ஒருவர், 2004 மார்கழிச் சுனாமியில் ஊர்பேர் தெரியாதவர்களுக்குத் தாங்களே உறவாக நின்று குழி வெட்டியதைச் சொன்னார். அந்தக் கதைக்கு இதைவிட நல்ல விளக்கவுரையை நான் எங்கும் வாசித்ததில்லை.

ஸ்பானிய மொழியில் எழுதப்பட்ட பெரியவர்களுக்கான நூல்கள் தமிழில் ஓரளவு கிடைக்கின்றன. மார்க்கேஸின் 1967ஆம் ஆண்டு நாவலைச் சுகுமாரனும் ஞாலன் சுப்பிரமணியனும் ‘தனிமையின் நூறு ஆண்டுகள்’ என்று தமிழாக்கினார்கள். 2013இல் காலச்சுவடு வெளியிட்டது. அதில் வாழைத்தோட்டத் தொழிலாளரைச் சுட்டுத் தள்ளி ரயிலில் ஏற்றுகிறார்கள். அதிலிருந்து தப்பி வந்தவன் சொல்வதை ஊரே நம்ப மறுக்கிறது. 1928இல் கொலம்பியாவின் சியெனகாவில் நடந்த படுகொலைதான் அந்தப் பகுதிக்கு வேர். ஆர்ஜென்டினாவில் பிறந்த மார்த்தா த்ராபாவின் நாவல் ஒன்றை அமரந்த்தா ‘நிழல்களின் உரையாடல்’ என்று தந்திருக்கிறார். காணாமல் ஆக்கப்பட்டவர்களை நினைத்து இரண்டு பெண்கள் பேசிக்கொண்டிருப்பதுதான் கதை. பிள்ளைகளைத் தேடி வெள்ளைத் தலைத்துணியோடு தாய்மார் கூடிய புவனஸ் அயர்ஸ் சதுக்கமும் அதில் வருகிறது. அவர்கள் அங்கே கூடத் தொடங்கியது 1977இல். காணாமல் ஆக்கப்பட்ட பிள்ளைகளைக் கேட்டுக் கிளிநொச்சியிலும் வவுனியாவிலும் எங்கள் தாய்மார் பந்தல் போட்டு இருக்கத் தொடங்கியது 2017 மாசியில். ஈழத்து வாசகர் கட்டாயம் வாசிக்கவேண்டிய புத்தகம் அது.

இனி நெரூதா. தமிழில் அதிகம் கொண்டாடப்படும் ஸ்பானிய மொழிக் கவிஞர் அவர்தான். 1929இல் சிலி நாட்டுக் கொன்சலாகக் கொழும்புக்கு வந்து, வெள்ளவத்தைக் கடற்கரையில் குடியிருந்தார். அவருடைய பெருங்கவிதைகள் சில அந்த வீட்டில் பிறந்தவை. அந்த வீட்டு வாளிக் கக்கூசைத் துப்புரவாக்க, ஒடுக்கப்பட்ட சாதியைச் சேர்ந்த ஒரு தமிழ்ப் பெண் நாள்தோறும் வந்தாள். ஒருநாள் அவளைக் கையைப் பிடித்து இழுத்துப் பலவந்தப்படுத்தியதை, இறந்தபின் 1974இல் வெளியான நினைவுக்குறிப்பில் அவரே எழுதியிருக்கிறார். அவள் தன்னை வெறுத்தது சரிதான் என்றும் எழுதினார். பெயரை மட்டும் எழுதவில்லை. 2018இல் சந்தியாகோ விமான நிலையத்துக்கு நெரூதாவின் பெயரைச் சூட்ட முயன்றபோது, சிலி நாட்டுப் பெண்கள் இதைச் சொல்லியே எதிர்த்தார்கள். இலங்கை இயக்குநர் அசோக ஹந்தகம இதை வைத்து ‘அல்பொராடா’ என்று படமும் எடுத்தார். நெரூதாவின் காதல் கவிதைகளைத் தமிழில் பதிப்பிப்பவர்கள் முன்னுரையில் அந்தப் பெண்ணைப் பற்றி ஒரு பந்தியாவது எழுதவேண்டும். அவள் எங்கள் பெண். அதை மறைத்து அவரைக் கொண்டாட எனக்கு மனம் ஒப்பவில்லை.

பிள்ளைகளின் பங்குதான் குறை. எங்கள் வாசிகசாலை அலுமாரியில், ஸ்பானிய மொழியிலிருந்து தமிழுக்கு வந்த சிறுவர் புத்தகம் ஒன்றுகூட இல்லை. பெரியவர்களுக்கானவையும் பெரும்பாலும் ஆங்கிலத்தைச் சுற்றிக்கொண்டு வந்தவைதான். நியூயோர்க் பொது நூலகத்தில் 1921இல் வேலைக்குச் சேர்ந்த பூரா பெல்ப்ரே என்ற போர்த்தோ ரிக்கோப் பெண்ணை இந்த இடத்தில் நினைத்துக்கொள்கிறேன். ஊர் விட்டு வந்த பிள்ளைகளுக்குத் தாய்மொழிக் கதைகள் அங்கே இல்லையென்று கண்டு, ஸ்பானிய மொழியிலும் ஆங்கிலத்திலும் தானே சொல்லத் தொடங்கினார்; பொம்மலாட்டமும் காட்டினார். பாட்டி சொன்ன கரப்பான்பூச்சிப் பெண், எலி மாப்பிள்ளை கதையை 1932இல் புத்தகமாக்கினார். லத்தீன் அமெரிக்க வாழ்வைச் சொல்லும் சிறுவர் நூல்களுக்கு 1996 முதல் அமெரிக்காவில் அவர் பெயரில் விருது கொடுக்கிறார்கள்.

கனடாவிலும் அமெரிக்காவிலும் பள்ளியில் ஸ்பானிய மொழி படிக்கும் எங்கள் பிள்ளைகளிடம் ஒன்று கேட்கிறேன். உரிமைச் சிக்கல் இல்லாத பழைய நாட்டுக்கதை ஒன்றை எடுத்து, அம்மம்மாவைப் பக்கத்தில் இருத்தி, நேரே தமிழாக்குங்கள். பத்துப் பக்கம் போதும். அச்சாகும்வரை காத்திருக்க வேண்டாம். உங்கள் ஊர் வாசிகசாலைக்குக் கையெழுத்துப் பிரதியாகவே அனுப்பிவையுங்கள்.